இருநூற்று எண்பது கிராம்

ஏப்ரல் 7, செவ்வாய்

நீயே சொல்லு சாமி, பல் தேய்க்கிற பிரஷுக்குக் காம்பு ஒரு பாரமா? இவள் அறுத்துவிட்டாள். என் வீட்டுக்காரரிடம் சின்ன ரம்பத்தை வாங்கி, கரகரவென்று அறுத்து, காம்பைக் குப்பையில் போட்டுவிட்டு, மொட்டைப் பிரஷைத் தராசில் வைத்துப் பார்த்துச் சிரிக்கிறாள். ஏழு கிராம் குறைந்ததாம்.

"இப்படி நூறு சாமான்ல ஏழேழு கிராம் குறைச்சா எவ்வளவு அத்தை?"

எழுநூறு. எட்டாம் வகுப்புப் படித்தவளுக்கும் அந்தப் பெருக்கல் தெரியும்.

இந்த நோட்டும் அப்படி என் கைக்கு வந்ததுதான். அவளுடைய சிநேகிதி டீச்சர் பரிசாகக் கொடுத்த கெட்டி அட்டை நோட்டு. தராசில் முந்நூற்றுப் பத்து காட்டியது. பத்துத் தாளைக் கிழித்துக்கொண்டு, "மிச்சம் உங்களுக்கு. உங்களுக்குத்தான் பேச ஆள் பத்தாதே" என்று என் மடியில் போட்டாள். வாய்க்கொழுப்பு. ஆனால் பொய்யில்லை. இவர் தையல் மெஷினில் உட்கார்ந்துவிட்டால் காதும் மெஷினோடு ஓடிவிடும். அதனால் உன்னோடு பேசுகிறேன். காலையில் வாயால் பேசுவது போதாது என்று இனிமேல் கையாலும்.

உனக்குத் தெரியாததா, இருந்தாலும் எழுதி வைக்கிறேன். குருவி என் அண்ணன் மகள். கொறித்துக் கொறித்துத் தின்பதால் குருவி. அண்ணனும் அண்ணியும் வேலைக்காகத் தூரத்தில் இருக்கிறார்கள். ஆறு வருஷமாக இவள் எங்களோடு. எங்களுக்கென்று நீ கொடுக்கவில்லை, அதை விடு. மூக்குக்கண்ணாடிக் கடையில் கண்ணாடி தேய்க்கிறாள். அவளுக்கு மலைவழிகாட்டி ஆகவேண்டும். அதற்கு ஒரு பரீட்சை இருக்கிறது: பதினான்கு நாள், கடை கண்ணி இல்லாத மலையில், இரண்டு பேரைத் தலைவியாகக் கூட்டிப்போய்த் திரும்பவேண்டும். முடித்தால் உரிமச்சீட்டு. கடைக்காரரிடம் மே மாதத்தோடு நின்றுகொள்கிறேன் என்று சொல்லிவிட்டாள்.

அவளை நடக்க வை சாமி. கால் இடறாமல்.


ஏப்ரல் 9, வியாழன்

வீடு முழுக்கச் சாமான். தரையில் மூன்று குவியல் போட்டிருக்கிறாள்: வேணும், வேணுமா, வேணாம். கூடாரம், தூங்குகிற பை, உள்ளங்கையளவு கேஸ் அடுப்பு, ஒரே ஒரு சட்டி - அதெல்லாம் வேணும். சீப்பு வேணாம். கண்ணாடி வேணாம். துண்டு, கைக்குட்டை அளவுக்கு வெட்டப்பட்டு வேணும். நான் ஒரு சின்ன சாமி படத்தை மெதுவாக வேணும் குவியலில் வைத்தேன். சட்டத்தைக் கழற்றி, படத்தை மட்டும் மடித்து உள்ளே வைத்தாள். நீ கோபித்துக்கொள்ளாதே. நாலு கிராமாக வருகிறாய்.

அவள் உடம்பு நாற்பத்தெட்டு கிலோ. முதுகில் ஒன்பதரைக்கு மேல் ஏற்றக்கூடாது என்று ஒரு சட்டம் வைத்திருக்கிறாள். "ஒண்ணு ஏறினா இன்னொண்ணு இறங்கணும்." பஸ் கண்டக்டர் மாதிரி நிற்கிறாள்.

இவரும் பித்துப் பிடித்து அலைகிறார். உள்ளே பஞ்சு வைத்து, மேலே காற்றுப் புகாத துணி போட்டு அவளுக்கு ஒரு கையில்லாத மேல்சட்டை தைக்கிறார். லேபிள் கிடையாது, பட்டன் கிடையாது, கயிறுதான். முடித்துத் தராசில் வைத்தார். இருநூற்று எண்பது.

"கடையில வாங்கினா நானூறுக்குக் குறையாது, தெரியுமா?" என்று என்னிடம் நாலு தரம் சொல்லிவிட்டார். வருஷத்துக்கு நாலு வார்த்தை பேசுகிற மனுஷர்.


ஏப்ரல் 12, ஞாயிறு

சாப்பாடு என் பொறுப்பு. டீச்சர் வீட்டிலிருந்து உலர்த்துகிற பெட்டி வந்திருக்கிறது. உள்ளே மின்விசிறி, தட்டுத்தட்டாக வலை. சோறு, பருப்பு, காய் எல்லாவற்றையும் குழைய வேகவைத்து, தட்டில் பரப்பி, பத்து மணிநேரம் காயவைத்தால் சருகாகிவிடுகிறது. மலையில் வெந்நீர் ஊற்றினால் மறுபடி சோறு! நாலு கிலோ வேகவைத்தேன், ஒரு கிலோ சருகு கிடைத்தது. தண்ணீரைத்தான் இத்தனை நாள் சாப்பாடு என்று தின்றோமா?

மூன்று பேர் ராத்திரிச் சாப்பாட்டுக்கு ஒரு பொட்டலம், முந்நூற்று முப்பது கிராம். பதினான்கு பொட்டலம். முதல் ஏழு அவர்கள் முதுகோடு போகும். அடுத்த ஏழும் இரண்டாம் வாரத்துக் காலை ஓட்ஸும் ஒரு தகர டப்பாவில் முன்னாடியே கழுதை மேல் ஏறிப்போய், பாதிவழியில் இருக்கிற வனக்காவலர் குடிசையில் காத்திருக்கும்.

ஒரு கட்டளை போட்டிருக்கிறாள். வேகவைக்கும்போது ஒரு சொட்டு எண்ணெய் கூடாதாம்.

"தண்ணி காயும் அத்தை, எண்ணெய் காயாது. உள்ளேயே உக்காந்து சிக்கு பிடிச்சிடும். எண்ணெய தனியா கொண்டுபோறேன்."

தனியாக என்றால் கட்டைவிரல் அளவு ஒரு புட்டி. மூன்று பேருக்கு!


ஏப்ரல் 13, திங்கள்

எண்ணெயில்லாத சருகை வெந்நீரில் ஊறவைத்து ருசி பார்த்தேன். காய்ச்சல்காரர்களுக்குக்கூட நான் இப்படிக் கொடுத்ததில்லை.


ஏப்ரல் 17, வெள்ளி

முதல் ஏழு பொட்டலம் அவள் சொன்னபடியே முடிந்தது. இரண்டாம் ஏழு இன்று.

யோசித்துப் பார் சாமி. முதல் வாரம் உடம்பில் தெம்பு இருக்கும், எதையும் தின்பார்கள். எட்டாம் நாள், பத்தாம் நாள்? கால் ஓய்ந்து, குளிரில் உட்கார்ந்து, என் பேரைச் சொல்லிப் பொட்டலத்தைப் பிரிக்கும்போது நாக்குக்கு ஏதாவது கிடைக்கவேண்டாமா? வெங்காயத்தை எண்ணெயில் பொன்னிறமாக வதக்கிப் பருப்போடு சேர்த்தேன். ஏழு பொட்டலத்துக்கும் சேர்த்து ஒரு டம்ளரும் கொஞ்சமும். வீடே மணத்தது. குருவி கடையில் இருந்தாள். இவர் மட்டும் மெஷினிலிருந்து தலையைத் தூக்கி, "என்ன இன்னிக்கு விசேஷமா?" என்றார்.

கெட்டுப்போகும் என்கிறாள். என் ஊறுகாய் ஜாடியில் இரண்டு விரல் உயரத்துக்கு எண்ணெய் நிற்கிறதே, போன வருஷத்து ஊறுகாய், ஒரு புள்ளி பூஞ்சை உண்டா? எண்ணெய் கெடுக்கும் என்று எந்தச் சமையற்கட்டில் படித்தாள்? எண்ணெய் காக்கும். முப்பது வருஷமாக அடுப்பு முன்னால் நிற்கிறவளுக்குத் தெரியாதா?

பெட்டியில் இரண்டு மணிநேரம் கூட வைத்துவிட்டேன். ஒருவாறு காய்ந்துவிட்டது.


ஏப்ரல் 21, செவ்வாய்

பொட்டலங்களுக்கு வாய் ஒட்டினோம். பையின் வாயில் காகிதத்தை வைத்து, இவருடைய இஸ்திரிப்பெட்டியால் ஒரு இழுப்பு. ஊசிமுனைக் காற்றுப் போகாது. இவர் தேய்த்தார், நான் பிடித்தேன். கல்யாணமான புதிதில் சட்டைக்காலர் இப்படித்தான் தேய்ப்போம்.


ஏப்ரல் 24, வெள்ளி

டப்பா கட்டியாயிற்று. குருவி எல்லாவற்றையும் நிறுத்து எழுதினாள். கழுதைக்காரர் வந்து எடுத்துப் போய்விட்டார். கண் எரிகிறது, நாளைக்கு எழுதுகிறேன்.


மே 16, சனி

நோட்டைத் தொட்டு எத்தனை நாள். வீட்டில் ஓட்டம்தான்.

இன்று புறப்பட்டுவிட்டார்கள். குருவி, டீச்சர், பிறகு டீச்சரோடு வேலை பார்க்கிற அந்த நெட்டையன். அவன் குனியாமல் எங்கள் வாசலில் நுழைந்ததே இல்லை. இன்றைக்கும் நெற்றியில் இடி. குருவியின் மூட்டையைக் கடைசியாகத் தூக்கி மாட்டினார்கள். ஒன்பது கிலோ நானூற்று எண்பது. வெற்றி வெற்றி என்று குதித்தாள்.

போன பிறகுதான் பார்த்தோம். இவர் தைத்த மேல்சட்டை கதவுக்குப் பின்னால் ஆணியில் தொங்குகிறது. எப்போது எடுத்து மாட்டினாளோ. இவர் தெருமுனைவரை அதைக் கையில் பிடித்துக்கொண்டு ஓடினார். நானும் பின்னாலேயே ஓடினேன்.

"எடை மாமா. போர்வைத்துணி இருக்கு, சமாளிச்சுக்குவேன்" என்றாள். இவர் முகத்தைப் பார்த்துச் சொன்னாள், என் பக்கம் திரும்பவில்லை.

எனக்குப் பொறுக்கவில்லை. "ஏண்டி, மனுஷர் பத்து நாள் கண்ண நட்டுத் தச்சிருக்காரு. பிரஷுக் காம்புக்கு இருக்கிற மதிப்புகூட இல்லையா? என்ன நெஞ்சழுத்தம்டி உனக்கு?" என்று நடுத்தெருவில் கேட்டுவிட்டேன். டீச்சரும் நெட்டையனும் ஷூ கயிற்றைக் கட்டுவது மாதிரி குனிந்துகொண்டார்கள்.

குருவி என் கன்னத்தைக் கிள்ளிவிட்டுப் போனாள்.

போகிறவளைத் திட்டி அனுப்பிவிட்டேன். நாக்கை அறுத்துத் தராசில் வைக்கவேண்டும்.


மே 20, புதன்

ஐந்தாம் நாள். மழை இல்லை. நன்றி.


மே 23, சனி

எட்டாம் நாள். இன்றைக்கு டப்பாப் பொட்டலம் பிரிப்பார்கள். நெட்டையன் தட்டை நக்குவான் பார். எனக்கே பசிக்கிறது.


மே 26, செவ்வாய்

வந்துவிட்டார்கள். இருபத்தொன்பதாம் தேதி வரவேண்டியவர்கள் இன்று மத்தியானம் வந்து நிற்கிறார்கள். நான் கதவைத் திறந்து, என்ன கேட்டேன் தெரியுமா? "முடிச்சிட்டியா, சீக்கிரமா?" என்று கேட்டேன். குருவி மூட்டையை இறக்கிவைத்துவிட்டு அப்படியே தரையில் உட்கார்ந்தாள். உதடெல்லாம் வெடித்திருக்கிறது. நெஞ்சில் சளி கட்டி, இருமினால் நாய் குரைப்பது மாதிரி கேட்கிறது.


மே 27, புதன்

டீச்சர் வந்து சொல்லித்தான் தெரியும்.

எட்டாம் நாள் பொட்டலத்தைக் கிழித்ததுமே ஒரு வாடை. குருவி வேண்டாம் என்றாளாம். நெட்டையன் பசியில் நாலு வாய் போட்டுவிட்டான். இரவெல்லாம் வாந்தி. மறுநாள் அவனால் எழுந்து நிற்க முடியவில்லை. ஏழு பொட்டலத்தையும் பிரித்துப் பார்த்திருக்கிறார்கள். ஏழிலும் சிக்கு வாடை, இரண்டில் பூஞ்சை. டப்பா ஒரு மாதம் தகரக் கூரைக்கு அடியில் இருந்திருக்கிறது. மிச்சம் இருந்தது காலை ஓட்ஸும் ரெண்டு பிடி திராட்சையும். முன்னால் ஆறு நாள் நடை, நடுவே பனி நிற்கிற கணவாய்.

"போயிடலாம், பசி தாங்கிக்கலாம்னு நான் சொன்னேன். அவ ஒத்துக்கல. முடியாதவன இழுத்துக்கிட்டுக் கணவாய் ஏற மாட்டேன், நான் தலைவி, திரும்புறோம்னுட்டா. நேரா இறங்குற கழுதைப் பாதையில ரெண்டே நாள்ல இறங்கிட்டோம். குளிர்ல அவ பல்லு அடிச்ச சத்தம்தான் கேட்டுச்சு."

டீச்சருக்குத் தேநீர் கொடுத்தேன்.

எண்ணெய். ஐயோ, எண்ணெய்தான். ஊறுகாய்ல உப்பு இருக்கே, கை வைக்க முடியாத அளவுக்கு உப்பு... பருப்புல எங்க இருக்கு உப்பு? இது ஏண்டி உனக்குத் தோணல? முப்பது வருஷம் அடுப்பு முன்னால நின்னு என்னத்தக் கிழிச்ச?


மே 30, சனி

சொல்லிவிடலாம் என்று இரண்டு தரம் அவள் படுக்கைக்குப் பக்கத்தில் போய் உட்கார்ந்தேன். கஷாயம் குடி என்று சொல்லிவிட்டு எழுந்து வந்தேன். இவர் அந்த மேல்சட்டையைத் தூங்குகிறவள் மேல் போர்த்தியிருந்தார்.


ஜூன் 5, வெள்ளி

உரிமச்சீட்டு கொடுக்கிற அலுவலகத்துக்கு நானும் துணைக்குப் போனேன். அதிகாரி நல்ல மனுஷர்தான், கத்தவில்லை. மேஜைக்கு அந்தப் பக்கம் இருந்து கேட்டார்:

"சாப்பாடு யார் தயார் பண்ணது?"

என் தொண்டை வரைக்கும் வந்தது. சத்தியமாக வந்தது சாமி.

"நான்தான் சார்" என்றாள் குருவி. "காயவெச்சது சரியில்ல. என் தப்பு."

நான் என் பையின் வாரை முறுக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். அவர் எழுதியதை எனக்குத் தலைகீழாகப் படிக்கத் தெரியும், தையல்காரர் பெண்டாட்டிக்கு அளவுப் புத்தகத்தை எதிரில் நின்று படித்த பழக்கம். 'உணவு ஏற்பாட்டில் கவனக்குறைவு. திரும்பிய முடிவு சரி. உரிமம் இல்லை. அடுத்த பருவத்தில் மீண்டும் வரலாம்.'

வெளியே வந்து, "பஸ்ஸுக்கு நேரம் இருக்கு, ஏதாவது சாப்பிடுறீங்களா அத்தை?" என்று கேட்டாள். என்னைப் பார்த்து. அவள்.

ஒன்று மட்டும் சொல்லிக்கொள்கிறேன். நான் பொய் சொல்லவில்லை. என்னை யாரும் கேட்கவில்லை, நான் சொல்லவில்லை. அவ்வளவுதான். பொய் வேறு, சும்மா இருப்பது வேறு. உன் முன்னால் அந்த வித்தியாசம் நிற்கும் இல்லையா?


ஜூன் 8, திங்கள்

குருவி திரும்பவும் கண்ணாடிக் கடைக்குப் போனாள். அதே முக்காலி. கடைக்காரர், "வாம்மா, மலை இறங்கியாச்சா? கண்ணாடித்தூளும் பனி மாதிரிதான் இருக்கும், தேய்" என்றாராம். சிரித்துக்கொண்டே சொன்னாள். சிரிப்பு கண் வரைக்கும் ஏறவில்லை.


ஜூன் 19, வெள்ளி

ஊறுகாய் ஜாடியைப் பக்கத்து வீட்டுக்குக் கொடுத்துவிட்டேன். பார்க்கப் பிடிக்கவில்லை.


ஜூன் 28, ஞாயிறு

உலர்த்துகிற பெட்டி டீச்சர் வீட்டுக்குப் போய்விட்டது. அடுத்த வருஷத்துக்கு இப்போதிருந்தே சின்னதாகப் பழகிப் பார்க்கிறாளாம், அங்கே. ஞாயிற்றுக்கிழமை காலையில் கிளம்பிப் போகிறாள். "நான் வரட்டுமாடி?" என்றேன். "உங்களுக்கு எதுக்கு அத்தை அலைச்சல்" என்றாள்.

அலைச்சலாம்.


ஜூலை 12, ஞாயிறு

சொல்லிவிட்டேன்.

நடைக்குப் போட்டுப்போன காலுறையில் ஓட்டை, தைத்துக்கொண்டிருந்தாள். நான் எதிரில் உட்கார்ந்து, கீரை ஆய்கிற சாக்கில், குனிந்த தலை நிமிராமல் எல்லாவற்றையும் கொட்டினேன். வெங்காயம், டம்ளர், ஊறுகாய் எல்லாம். அழுதுவிடுவாள், இல்லை கத்திவிடுவாள் என்று காத்திருந்தேன்.

"தெரியும் அத்தை" என்றாள். "பொட்டலத்தக் கிழிச்சதுமே வாடை சொல்லிடுச்சு. வதக்கின வெங்காய வாடை எனக்குத் தெரியாதா?"

"தெரிஞ்சா அந்த ஆள்கிட்ட ஏண்டி உன் தலையில போட்டுக்கிட்ட?"

"தலைவி நான்தான? நான்தான் பாத்திருக்கணும்."

எனக்கு அழுகை வந்துவிட்டது. மூக்கைத் துடைத்துக்கொண்டு சொன்னேன்: "ஒரு வார்த்தை நீ கேட்டிருந்தா நான் சொல்லியிருப்பேன்டி. தப்புப் பண்ற கை இது, ஒத்துக்கிறேன். பொய் சொல்ற நாக்கு இல்ல. நீ கேக்கல, நான் சொல்லல."

அவள் ஊசி நின்றது. நிமிர்ந்து என்னைப் பார்த்தாள். ரொம்ப நேரம் பார்த்தாள். கண்ணாடி தேய்த்துவிட்டு வெளிச்சத்தில் பிடித்துக் கீறல் தேடுவாளே, அந்த மாதிரி.

"சரி அத்தை" என்றாள். நூலைப் பல்லால் கடித்து அறுத்தாள்.

மார்பில் இருந்த கல் இறங்கிவிட்டது. நெட்டையன் வீட்டுக்கும் நாளைக்குப் போய் அவன் அம்மாவிடம் சொல்லப் போகிறேன். நன்றி சாமி. பாவத்தைச் செய்தேன், பொய்யிலிருந்து காப்பாற்றினாய்.


ஜூலை 14, செவ்வாய்

நெட்டையனின் அம்மா முதலில் முகம் கொடுக்கவில்லை. பிறகு, "அவன் எத வெச்சாலும் மோந்து பாக்காமத் திம்பான்" என்றார். இறங்கும்போது அந்த வீட்டு நிலையில் நானே இடித்துக்கொண்டேன்.


ஆகஸ்ட் 30, ஞாயிறு

பெட்டி வீட்டுக்கு வந்துவிட்டது!

காலையில் குருவி அதைத் தூக்கிக்கொண்டு வந்து சமையற்கட்டில் வைத்தாள். "டீச்சர் வீட்டு அடுப்பு மந்தம். இங்கேயே பண்றேன்." நான் முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு அடுப்பிடம் போனேன். "நான் வேகவெக்கிறேன் அத்தை. நீங்க கேரட் நறுக்கிக் குடுங்க" என்றாள்.

நறுக்கினேன். எல்லாம் ஒரே அளவாக, பட்டாணி பருமனில். வேறு எதையும் தொடவில்லை. எண்ணெய்ப் பாட்டிலை அவள் கேட்காமலே எடுத்து மேல் அலமாரியில் வைத்தேன். பார்த்துவிட்டுச் சிரித்தாள். இந்த முறை கொஞ்சம் கண்ணுக்கும் ஏறியது.

சாயங்காலம் மறுபடி மூன்று குவியல். அடுத்த வருஷத்துக்கு இப்போதே பட்டியல். இவர் கதவுக்குப் பின்னாலிருந்து மேல்சட்டையை எடுத்துவந்து அவள் பக்கத்தில் வைத்துவிட்டு, திரும்பிப் பார்க்காமல் மெஷினுக்குப் போய்விட்டார். குருவி அதைத் தராசில் வைத்தாள். இருநூற்று எண்பது. ஒரு நொடி அவள் கண் என் பக்கம் வந்தது, உடனே போய்விட்டது. வேணும் குவியலில் வைத்தாள்.

நான் அப்போது ஒன்றும் நினைக்கவில்லை. இப்போது எழுதும்போது அந்த எண் கையை விட்டுப் போகமாட்டேன் என்கிறது. இருநூற்று எண்பது. ஏழு நாற்பது.

ஏழு நாற்பது... ஏப்ரலில் நாளைக்கு எழுதுகிறேன் என்று விட்டேனே, அந்த நாள். டப்பா கட்டிய நாள். எட்டாம் நாள் பொட்டலத்தைத் தராசில் வைத்தாள். எடுத்தாள். மறுபடி வைத்தாள்.

"முந்நூத்தி எழுபது. நாப்பது கிராம் கூட இருக்கே அத்தை. எண்ணெய் ஏதாவது சேத்தீங்களா?"

கேட்டாள். கேட்டிருக்கிறாள், சாமி.

"எண்ணெயா? நல்லாக் கேட்டே போ. நடந்து களைச்ச பிள்ளைங்களாச்சேன்னு ஒரு பிடி பருப்புக் கூடப் போட்டேன்" என்றேன். இதே நாக்கு.

"ஏழு பொட்டலத்துலயுமா?" என்று சிரித்தாள். பென்சிலை எடுத்து ஒவ்வொன்றின் மேலும் 'அத்தை பிடி, 40' என்று எழுதினாள். "ரெண்டாவது வாரம் இத நானே சுமக்கிறேன், அவங்க மேல ஏத்த வேணாம். இருநூத்தி எண்பது... சரி, இடம் பண்ணிடலாம்."

நான் அடுப்படிக்குள் போய்விட்டேன். பின்னால் அவள் எழுந்து போகிற சத்தம். பிறகு கதவுக்குப் பின்னால், ஆணியில் ஹேங்கர் மாட்டுகிற சத்தம்.